ஜிராயா (1921): தேரை எப்படித் தோன்றுகிறது, படத்தை எந்த வேகத்தில் ஓட்டுவது?

சுருள்பெட்டி எழுதியது:

எங்கள் திரைப்படக் கழகத்தில் ‘கோகெட்சு ஜிராயா’வைத் திரையிடப் போகிறோம். தேரையாக உருமாறும் மந்திரவாதி ஜிராயாவைப் பற்றிய ஜப்பானிய மௌனப்படம். 1921, நிக்காட்சு தயாரிப்பு, மகினோ ஷோஸோ இயக்கம், ஒனோஎ மாட்சுனோசுகே நாயகன். கையில் இருப்பது ஒலியில்லாத டிஜிட்டல் கோப்பு. நொடிக்கு 24 ஃபிரேம், மொத்தம் 14 நிமிடம்தான் ஓடுகிறது. சண்டைக் காட்சிகளில் ஆட்கள் எறும்பு மாதிரி ஓடுகிறார்கள். மூன்று விஷயம் தெரிய வேண்டும். ஒன்று, சரியான வேகம். இரண்டு, மறைவதும் தேரையாக மாறுவதும் எப்படி எடுக்கப்பட்டன. முன்னுரையில் இதைச் சொல்ல வேண்டும். மூன்று, தமிழில் ஒருவர் உடனிருந்து கதை சொல்லலாமா, அல்லது வெறும் இசை போதுமா?

---

இரண்டு_சுற்று எழுதியது:

வேகத்தை மட்டும் நான் எடுத்துக்கொள்கிறேன்.

அந்தக் காலக் கேமராவின் கைப்பிடியை ஒரு முறை சுற்றினால் 8 ஃபிரேம் நகரும். நொடிக்கு இரண்டு சுற்று, அதாவது 16 ஃபிரேம், பொதுவான வழக்கம். 35 மில்லிமீட்டரில் ஓர் அடிக்கு 16 ஃபிரேம் என்பதால் நொடிக்கு ஓரடி என்று கணக்கு வைத்துக்கொள்ளலாம். 1000 அடி ரீல் அந்த வேகத்தில் 16 நிமிடம் 40 நொடி ஓடும். 24இல் ஓட்டினால் 11 நிமிடம் சொச்சத்தில் முடிந்துவிடும். உங்கள் 14 நிமிடம் 16இல் 21 நிமிடம் ஆகும். எஞ்சியிருக்கும் படம் ஏறக்குறைய அவ்வளவுதான். ஆகவே ஒரு ஃபிலிம் ஃபிரேமுக்கு ஒரு வீடியோ ஃபிரேம் என்று அப்படியே ஏற்றிய கோப்புதான் உங்களிடம் இருக்கிறது என்று தோன்றுகிறது.

ஆனால் ஊகத்தில் விடாதீர்கள். ஆள் நடக்கிற ஒரு ஷாட்டை எடுத்து ஒவ்வொரு ஃபிரேமாக நகர்த்திப் பாருங்கள். ஒவ்வொன்றும் வேறு வேறு நிலையில் இருந்தால் நகல் ஃபிரேம் இல்லை. ஒன்று விட்டு ஒன்று இரட்டித்திருந்தால் யாரோ ஏற்கெனவே 16ஐ 24க்கு மாற்றிவிட்டார்கள். மூன்றில் ஒன்று இரட்டித்திருந்தால் 18ஐ மாற்றியிருக்கிறார்கள். அப்படிப்பட்ட கோப்பை மீண்டும் மெதுவாக்கினால் எல்லாரும் தண்ணீருக்குள் நடப்பது போல ஆகிவிடும்.

16தானா 18தானா என்பதை நடையை வைத்து முடிவு செய்யாதீர்கள். ஜப்பானிய மேடைநாடகமான கபுகி வழி வந்த நடிகர்களின் நடையே பாணிப்படுத்தப்பட்டது. புவியீர்ப்புக்குப் பாணி கிடையாது. ஒருவர் தன் தோள் உயரத்திலிருந்து, ஏறக்குறைய 1.6 மீட்டர், கீழே குதிக்கும் ஷாட்டைத் தேடுங்கள். அந்த விழுதலுக்கு 0.57 நொடி ஆகும். கால் விளிம்பை விட்ட ஃபிரேமிலிருந்து தரையைத் தொட்ட ஃபிரேம் வரை எண்ணுங்கள். 9 வந்தால் 16. 10 வந்தால் 18. 7 வந்தால் கேமராமேன் 12இல் சுற்றியிருக்கிறார். எண்ணுவதில் ஒரு ஃபிரேம் தவறினாலே விடை ஏறக்குறைய 2 மாறிவிடும். அதனால் ஐந்தாறு குதிப்புகளை எண்ணிச் சராசரி பாருங்கள். மேல்நோக்கி எம்பிக் குதிப்பவர்களை விட்டுவிடுங்கள், கணக்கு கெடும்.

கைச்சுழற்சி என்பதால் ஷாட்டுக்கு ஷாட் வேகம் மாறத்தான் செய்யும். சண்டையை வேண்டுமென்றே மெதுவாகச் சுற்றி எடுப்பதும் உண்டு, திரையில் விறுவிறுப்பு கூடும் என்பதற்காக. அதைத் திருத்தி ‘இயல்பாக்க’ வேண்டாம். முழுப் படத்துக்கும் ஒரே வேகம் போதும்.

முக்கியமான ஒன்று: எடிட்டிங் மென்பொருளில் வேகத்தை 66.67 விழுக்காடு ஆக்கும்போது ஃபிரேம்களைக் கலக்கும் வசதியை (frame blending) அணைத்துவிடுங்கள். இயக்கத்தைக் கணித்து இடைஃபிரேம் உருவாக்கும் வசதியையும் அணையுங்கள். இல்லையென்றால் ஜிராயா மறையும் வெட்டில் மென்பொருள் தானாக ஓர் ஃபிரேமைச் செய்து, பாதி மனிதன் பாதி தேரையாக ஒரு மங்கல் உருவத்தை நுழைத்துவிடும். 1921இல் இல்லாத வித்தை அது.

---

கண்ணாடிக்கூரை எழுதியது:

இரண்டாம் கேள்விக்கு. அடிப்படை வித்தை கேமராவை நிறுத்தி ஆளை மாற்றுவதுதான். பிரான்சில் மாயப்பட இயக்குநர் மெலியஸ் 1890களிலேயே செய்தது. மகினோ அதைத் தற்செயலாகக் கண்டுபிடித்தார் என்று ஒரு கதை சொல்வார்கள். கேமரா நின்றிருந்தபோது நடிகர் ஒருவர் இடத்தை விட்டுப் போய்விட்டாராம். மெலியஸைப் பற்றியும் இதே அச்சில் ஒரு கதை உண்டு. ஜப்பானில் அதற்குள் பிரெஞ்சு மாயப் படங்கள் ஓடிப் பழகிவிட்டன. பார்த்துக் கற்றார் என்பதே எனக்கு நம்பத் தகுந்ததாகப் படுகிறது.

செய்முறை எளிது, கெடுவதற்கான வழிகள்தான் நிறைய.

கேமரா முக்காலியோடு அசையாமல் கட்டப்பட்டிருக்க வேண்டும். மணல்மூட்டையோ கல்லோ வைத்துக் காலை அழுத்துவார்கள். நிறுத்தும்போதும் மீண்டும் தொடங்கும்போதும் கை அழுத்தத்தில் பெட்டி ஒரு மில்லிமீட்டர் திரும்பினாலே திரையில் பின்னணி முழுதும் துள்ளும். ஷட்டர் மூடிய நிலையில் கைப்பிடியை நிறுத்த வேண்டும். திறந்த நிலையில் நின்றால் ஒரு ஃபிரேம் முழுதும் வெந்துவிடும். அதோடு முடிவதில்லை. நொடிக்கு 16இல், அரைவட்ட ஷட்டரில் ஒவ்வொரு ஃபிரேமுக்கும் 1/32 நொடி வெளிச்சம் விழுகிறது. கை நிற்கப்போகும் தருணத்தில் வேகம் பாதியானால் வெளிச்சம் இரட்டிப்பாகும். ஆகவே நிறுத்துவதற்கு முந்திய இரண்டு மூன்று ஃபிரேமும், தொடங்கிய பின் வரும் இரண்டு மூன்றும் பிரிண்டில் பளிச்சென்று வெளிறித் தெரியும். அவற்றை நெகட்டிவிலிருந்தே வெட்டியெறிந்து, இரண்டு முனைகளையும் பசையால் ஒட்டுவார்கள். ஒட்டும் முன் ஒரு முனையின் மருந்துப்படலத்தைச் சுரண்டியாக வேண்டும், இல்லாவிட்டால் பிடிக்காது. ‘கேமராவிலேயே செய்த தந்திரம்’ என்று இதைச் சொல்வது பாதிதான் சரி. மீதிப் பாதி கத்தரியும் பசையும். மறையும் நொடியில் ஃபிரேமின் மேல் அல்லது கீழ் விளிம்பைப் பாருங்கள், ஒட்டின் கோடு தெரியலாம்.

அடுத்தது நடிகர்கள். ஜிராயாவைச் சூழ்ந்த வீரர்கள் அத்தனை பேரும், வாள் ஓங்கிய கையோடு, தேரை உடுப்புக்காரர் வந்து நிற்கும்வரை சிலையாக நிற்க வேண்டும். ஒருவர் தோள் இறங்கினாலும் வெட்டில் காட்டிக்கொடுத்துவிடும்.

அடுத்தது சூரியன். வெளிச்சம் வெயிலிலிருந்து வந்தது. சூரியன் மணிக்கு 15 பாகை நகர்கிறது. உடுப்பு மாற்றப் பத்து நிமிடம் எடுத்தால் நிழல் இரண்டரை பாகை திரும்பியிருக்கும். தரையில் நீண்ட நிழல் விழும் மாலையில் இது உடனே கண்ணில் படும், உச்சி வெயிலில் படாது. நடுவில் மேகம் வந்தால் எடுத்தது வீண்.

புகை விடுவதென்றால் நிறுத்துவதற்கு முன் விட்ட புகை கேமரா நின்றிருக்கும்போது கலைந்துவிடும். மீண்டும் தொடங்கியதும் புதிதாக ஒரு வெடிப்பு கொடுத்தே தீர வேண்டும். இரண்டு புகைகளும் உருவத்தில் ஒத்துப்போகாது. அந்தத் துள்ளலைத்தான் ‘மாயம்’ என்று கண் ஏற்றுக்கொள்கிறது.

---

ஹனமிச்சி எழுதியது:

கண்ணாடிக்கூரை சொன்ன செய்முறையில் எனக்கு மறுப்பில்லை. ஆனால் மெலியஸிலிருந்து வந்தது வெட்டு மட்டும். அந்த வெட்டுக்கு முன்னும் பின்னும் திரையில் இருப்பதெல்லாம் கபுகி மேடையின் சொத்து. முன்னுரையில் இதை விட்டுவிட்டால் படத்தையே விட்டுவிட்ட மாதிரி.

ஜிராயா கதை அச்சில் முதலில் வந்தது 1806இல். பிறகு 1839 முதல் 1868 வரை படக்கதைத் தொடராக நீண்டது, எழுதியவர்கள் மாறி மாறி. தொடர் முடிவதற்கு முன்பே, 1852இல், பிற்காலத்தில் மொகுஅமி என்று புகழ்பெற்ற கவாடாகே அதைக் கபுகியாக எழுதிவிட்டார். எட்டாம் டான்ஜூரோ (கபுகி நடிகர்களுக்கு வழிவழியாக வரும் பெயர்) ஜிராயாவாக நடித்தார். தேரை மந்திரவாதி மேடைக்கு வந்தது அதற்கும் முன்னால். 1804இல் நான்போகு எழுதிய நாடகத்தில் தென்ஜிகு டோகுபே என்ற நாயகன் தேரை வித்தை செய்கிறான். டோகுபே 17ஆம் நூற்றாண்டில் சயாமுக்கும் இந்தியாவுக்கும் கப்பலேறிப் போன உண்மையான வணிகர். அந்நிய நாட்டு மந்திரம் கற்று வந்தவன் என்ற கற்பனை அந்தப் பயணத்தின் மேல் கட்டப்பட்டது.

ஆள் உள்ளே புகுந்து ஆட்டும் தேரை உடுப்பு, நொடியில் உடை மாற்றல், தரைக்குள் மறைதல் எல்லாவற்றையும் சேர்த்துக் கபுகியில் கெரென் என்பார்கள். பார்வையாளர் நடுவே செல்லும் நடைமேடையில் சுப்பொன் என்று ஒரு சிறிய ஏற்றப்பலகை இருக்கும். பேயும் மந்திரவாதியும் விலங்குருவும் மட்டுமே அதன் வழியாக எழுந்து வர வேண்டும், சாதாரண மனிதப் பாத்திரம் வரக்கூடாது. ஜிராயா வெட்டவெளியில் திடீரென்று தோன்றும்போது 1921இன் பார்வையாளருக்கு அது புதுமை மட்டுமல்ல. சுப்பொன் இப்போது எந்த இடத்திலும் இருக்கிறது என்பதே அதன் பொருள்.

நடிகர்கள் சிலையாக நிற்பது கடினம் என்றீர்கள். கபுகியில் மியே என்று ஒன்று உண்டு: உச்சக்கட்டத்தில் உடலைத் திருகி, கண்ணை உருட்டி, அசையாமல் நிற்பது. மாட்சுனோசுகேவுக்குக் ‘கண்விழி மாட்சு’ என்று பட்டப்பெயர் வந்ததே அந்தக் கண்களால்தான். சிறுவயதிலிருந்தே நாடகமேடையில் வளர்ந்தவர். ஜிராயா ஏட்டுச்சுருளைப் பல்லில் கவ்வி, விரல்களைக் கோத்து முத்திரை பிடித்து நிற்கிறான். அந்த நிலை மேடையில் கைதட்டலுக்கான இடம், கேமராவில் நிறுத்துவதற்கான இடம். இரண்டும் ஒரே நொடியில் வந்து பொருந்துவதால்தான் வித்தை இவ்வளவு சரளமாகத் தெரிகிறது.

---

கண்ணாடிக்கூரை எழுதியது:

> வெட்டு மட்டும்

அந்த ‘மட்டும்’தான் இடிக்கிறது. மேடையில் தேரை எழும்போது பலகை இறங்க வேண்டும், ஏற வேண்டும், அதற்குக் கால அளவு இருக்கிறது. வெட்டில் அந்த இடைவெளி பூஜ்யம். ஜிராயா கூரையில் இருக்கிறான், அடுத்த ஃபிரேமில் இல்லை. இதை எந்தக் கெரெனும் தராது. தேரை உடுப்பு பழையது, ஒப்புக்கொள்கிறேன். பயம் புதியது.

---

ஹனமிச்சி எழுதியது:

பயம் புதியது என்பதை எடுத்துக்கொள்கிறேன். ஆனால் மெலியஸ் படத்தில் ஆள் மறைந்தால் சிரிப்பு வரும், இங்கே மறைந்தால் மரியாதை வரும். அந்த வேறுபாடு கதைமரபிலிருந்து வருகிறது, கேமராவிலிருந்து அல்ல.

---

கறுப்புமை எழுதியது:

ஒரோச்சிமாரு, சுனாதே இருவரும் இந்தப் படத்திலும் உண்டா? நருத்தோ மங்கா (ஜப்பானியப் படக்கதை) வழியாகத்தான் இந்தப் பெயர்களே எனக்குத் தெரியும்.

---

ஹனமிச்சி எழுதியது:

உண்டு தம்பி. மங்கா அந்த மூவரையும் இந்தப் பழங்கதையிலிருந்துதான் எடுத்தது. ஜிராயாவுக்குத் தேரை, ஒரோச்சிமாருவுக்குப் பாம்பு, சுனாதேவுக்கு ஓடில்லா நத்தை. பாம்பு தேரையைத் தின்னும், தேரை நத்தையைத் தின்னும், நத்தையின் பசை பாம்பைக் கரைக்கும். மூன்றும் ஓரிடத்தில் கூடினால் எதுவும் அசைய முடியாது. ஜப்பானில் இது பழைய கைவிளையாட்டும்கூட. திரையிடும்போது பார்வையாளருக்கு இந்த முக்கோணத்தை முதலிலேயே சொல்லிவிடுங்கள், சுருள்பெட்டி. தெரியாதவருக்கு நத்தை வருவது அபத்தமாகப் படும். தெரிந்தவருக்கு அதுதான் ஆட்டத்தின் திருப்பம்.

---

வெள்ளித்தூள் எழுதியது:

முன்னுரையில் 1899இன் ‘மொமிஜிகாரி’யிலிருந்து ஒரு துண்டு காட்டினால் ஹனமிச்சியின் கட்சிக்கு வலு சேரும். தோகாகுஷி மலையில் இளவரசி உருவில் வந்து மயக்கும் அரக்கியின் கதை. ஒன்பதாம் டான்ஜூரோ அரக்கி, ஐந்தாம் கிகுகோரோ அவளை எதிர்க்கும் வீரன். படம் பிடித்தவர் ஷிபாட்டா சுனேகிச்சி. அந்த ஆண்டு நவம்பரில் தோக்கியோவின் கபுகி-சா அரங்குக்குப் பின்புறம் திறந்தவெளியில் எடுத்தார்கள். அன்று பலத்த காற்று. டான்ஜூரோ விசிறியை வீசி ஆடும்போது காற்று அதைக் கையிலிருந்து பறித்துக்கொண்டு போகிறது. அவர் நிறுத்தவில்லை, திரும்ப எடுக்கவும் இல்லை. விசிறி பறப்பது இன்றும் படத்தில் இருக்கிறது. நடிகர்கள் இருவருமே 1903இல் இறந்துவிட்டார்கள். 2009இல் ஜப்பான் அரசு இதை முக்கியப் பண்பாட்டுச் சொத்தாக அறிவித்தது. திரைப்படம் ஒன்றுக்கு அந்தத் தகுதி கிடைத்தது அதுவே முதல்முறை.

இதில் உருமாற்றத்துக்கு எந்த வெட்டு வித்தையும் கிடையாது. அரக்கி ஆவது ஒப்பனையும் முடியும் ஆட்டமும்தான். இதையும் ஜிராயாவையும் அடுத்தடுத்துப் போட்டால் 22 ஆண்டுகளில் என்ன சேர்ந்தது என்பதைக் கண்ணே பிரித்துக்கொள்ளும்.

நிறம் பற்றியும் ஒரு வார்த்தை. அந்த ஃபிலிமுக்குச் சிவப்பு தெரியாது. நீலமும் பச்சையும்தான் தெரியும். சிவந்த மேப்பிள் இலை கறுப்பாகும், நீல வானம் வெறும் வெள்ளையாகும், உதட்டுச் சிவப்பு கரியாகும். இயல்பான தோலும் அழுக்கேறியது போலக் கறுத்துப் பதியும். கபுகியின் வெள்ளைப் பூச்சு இந்த ஃபிலிமுக்கு மிகவும் ஏற்றது, முகம் துல்லியமாக நின்றது. கான்ட்ராஸ்ட் ஏற்றி அந்த வெள்ளையை எரித்துவிடாதீர்கள். புருவக் கோடும் கண்ணோரமும் மறைந்தால் மியே செத்துப்போகும். புரொஜெக்டரில் ‘விவிட்’, ‘டைனமிக்’ எல்லாவற்றையும் அணையுங்கள்.

---

திரைமறைவு எழுதியது:

மூன்றாம் கேள்வி. கதைசொல்லி கட்டாயம் வேண்டும். வெறும் இசை போதாது.

இந்தப் படங்கள் பென்ஷி, அதாவது திரைக்குப் பக்கத்தில் இருந்து கதை சொல்பவர், இருப்பார் என்று நம்பி எடுக்கப்பட்டவை. எழுத்து அட்டைகள் குறைவாக இருப்பது அதனால்தான், ஒரு ஷாட் அசையாமல் நீள்வதும் அதனால்தான். 1910களில் ஜப்பானியப் படங்களுக்குத் திரைக்குப் பக்கத்தில் பலர் அமர்ந்து ஆளுக்கொரு பாத்திரமாகக் குரல் கொடுத்ததும் உண்டு. பிறகுதான் ஒருவரே எல்லாக் குரலும் பேசுவது நிலைத்தது. நம்மூர்க் கூத்தில் கட்டியங்காரன் செய்கிற வேலையில் பாதி இவருடையது, ஆனால் இவர் ஆட்டத்துக்குள் நுழைய மாட்டார், கிண்டல் செய்யவும் மாட்டார்.

தமிழில் எழுதும்போது நிமிடத்துக்கு 60, 70 சொல்லுக்கு மேல் போகாதீர்கள். வாசிக்க 100 வரை இடம் இருக்கும், ஆனால் மூச்சும் தாளமும் அடைபடும். ஒவ்வொரு பாத்திரமும் முதலில் வரும்போது பெயரும் விலங்கும் சேர்த்துச் சொல்லுங்கள்: ‘பாம்பின் ஒரோச்சிமாரு’. உரையாடல் நேர்மொழியில், வருணனை சிறுவாக்கியத்தில். ‘இப்போது அவன் குதிக்கிறான்’ என்று கண் பார்ப்பதையே சொல்வது வீண். வாய் அசைவைப் பின்தொடரவும் முயல வேண்டாம், ஒரு வாக்கியம் பிந்தினால் எல்லாம் சரியும். வெட்டுகளை நேரக்குறிப்போடு தாளில் பட்டியலிட்டு, திருத்திய 16 வேகக் கோப்பை வைத்தே ஒத்திகை பாருங்கள். 24இல் ஒத்திகை பார்த்துவிட்டு 16இல் மேடையேறினால் மூன்றில் ஒரு பங்கு நேரம் வாய் மூடி நிற்க வேண்டிவரும்.

மறையும் நொடியில் பேச்சு இருக்கவே கூடாது. ஒரு நொடி முன்னதாக முடித்துவிடுங்கள்.

இணையத்தில் இருக்கும் பென்ஷி பதிவைப் பின்னணியில் ஓடவிடலாம் என்று யாராவது சொன்னால் கேட்காதீர்கள். படம் பொதுவுடைமை, ஆனால் இன்றைய கலைஞரின் குரலுக்கும் இசைக்கும் தனி உரிமை உண்டு.

---

கறுப்புமை எழுதியது:

மாட்சுனோசுகே ஆயிரம் படங்களுக்கு மேல் நடித்ததாகப் படித்தேன். மற்றவை எங்கே?

---

வெள்ளித்தூள் எழுதியது:

பெரும்பாலும் இல்லை. முழுதாகவோ துண்டாகவோ எஞ்சியவை விரல்விட்டு எண்ணும் அளவுதான். படத்துக்கு மிகக் குறைந்த பிரிண்டுகள், அதையே ஊர் ஊராக ஓட்டித் தேய்த்தார்கள். 1923 செப்டம்பர் 1 நிலநடுக்கம், போர்க்காலத் தீ, ஃபிலிமில் இருக்கும் வெள்ளிக்காகக் கரைத்தது எல்லாம் சேர்ந்துகொண்டன. நைட்ரேட் ஃபிலிம் வேறு. தீப்பிடித்தால் தனக்கு வேண்டிய ஆக்சிஜனைத் தானே தரும், தண்ணீர் ஊற்றி அணைக்க முடியாது. மகினோவே 1928இல் தன் சூஷிங்குரா படத்தைத் தொகுக்கும்போது அப்படி ஒரு தீயில் பெரும்பகுதியை இழந்தார்.

1922இன் ‘ஷிபுகாவா பங்கோரோ’ கிடைக்கிறது, மாட்சுனோசுகே பெருஞ்சிலந்தியோடு மோதும் படம். தேடிப் பாருங்கள். ஆனால் 1921இலேயே வந்த ‘ஜாசெய் நோ இன்’ போய்விட்டது. எனக்கு மிகவும் வலிக்கும் இழப்பு அது. 1776இல் வெளிவந்த உகெட்சு கதைத் தொகுப்பின் வெள்ளைப்பாம்புப் பெண் கதை. தானிசாகி ஜூன்இச்சிரோ திரைக்கதை, குரிஹாரா இயக்கம். பெண் வேடத்தில் பெண்ணையே நடிக்கவைத்து, பென்ஷியைச் சாராமல் படத்தாலேயே கதை சொல்ல வேண்டும் என்று வாதிட்ட கூட்டத்தின் படைப்பு. நிக்காட்சுவின் கியோத்தோ படங்களில் அப்போதும் ஆண்களே பெண் வேடம் கட்டினார்கள். ஒரே ஆண்டில் நாட்டார் கதையைப் படமாக்க இரண்டு வழிகள் இருந்தன. ஒப்பிட நமக்கு ஒன்றுதான் மிஞ்சியிருக்கிறது.

மிஞ்சியவற்றில் பல குழந்தைகளால் மிஞ்சியவை. ஓடி முடித்த பிரிண்டுகளைச் சிறு துண்டுகளாக வெட்டி, கையால் சுற்றும் தகர புரொஜெக்டருக்குப் பொம்மைப் படமாக விற்றார்கள். ஒரு துண்டு சில விநாடியிலிருந்து இரண்டு மூன்று நிமிடம் வரை. கியோத்தோவில் 2015இல் திறந்த பொம்மைப்பட அருங்காட்சியகம் இவற்றைத்தான் சேகரிக்கிறது. குழந்தைகள் கேட்டது சண்டையும் மாயமும் என்பதால் அந்தக் காட்சிகளே அதிகம் வெட்டி விற்கப்பட்டன. காதல் காட்சி, அரசவைப் பேச்சு எல்லாம் குப்பைக்குப் போயின. எஞ்சிய துண்டுகளைப் பார்த்து அந்தக் காலப் படங்கள் எல்லாமே சண்டைதான் என்று முடிவு கட்டக் கூடாது.

---

சுருள்பெட்டி எழுதியது:

குதிப்புகளை எண்ணினேன். 9, 9, 10, 8, 9. நகல் ஃபிரேம் இல்லை. 16 என்று வைத்துக்கொள்கிறேன். இசைக்கு ஒருவர் டிரம் தருவதாகச் சொல்கிறார். மாயக் காட்சிக்கு என்ன வாசிக்கச் சொல்வது?

---

ஹனமிச்சி எழுதியது:

கபுகியில் பேயும் மந்திரமும் வரும்போது பெரிய முரசில் தொரொதொரொ என்று ஓர் உருட்டு வாசிப்பார்கள். மெல்லியது ஒன்று, பலத்தது ஒன்று. உங்களுக்கு பேஸ் டிரம் போதும். குச்சி நுனியில் துணி சுற்றிக்கொள்ளட்டும், கூர்மையான ஓசை வேண்டாம். விரல் முத்திரை தொடங்கும்போது கேட்டும் கேட்காத அளவில் ஆரம்பித்து, மூன்று நான்கு நொடி ஏற்றி, வெட்டு விழும் ஃபிரேமில் சட்டென்று நிறுத்தச் சொல்லுங்கள். மறைதலுக்கு மௌனம். தேரை தோன்றினால் நிறுத்தாமல் பலத்த உருட்டுக்குத் தாவலாம், அது அசையத் தொடங்கும்வரை.

டிரம் வாசிப்பவர் திரையைப் பார்த்து எதிர்வினையாக வாசித்தால் கால் நொடி பிந்தும், அது நான்கு ஃபிரேம். அதனால் திரைமறைவு சொன்ன நேரப் பட்டியலில் ஒரு பிரதி அவரிடமும் இருக்கட்டும். வெட்டுக்கு முந்திய கடைசி அசைவை, சுருளைக் கவ்வுவதோ விரலை மடக்குவதோ, அடையாளமாக எழுதிக்கொடுங்கள்.

---

திரைமறைவு எழுதியது:

டிரம்மும் கதைசொல்லியும் திரைக்கு ஒரே பக்கம் உட்காரட்டும். ஒருவர் மூச்சு மற்றவருக்குத் தெரிய வேண்டும். தாளுக்கு விளக்கு வைப்பதென்றால் ஒளி திரையில் சிந்தாதபடி கீழ்நோக்கித் திருப்பி, மேலே கறுப்புத் துணி போடுங்கள்.